ரெண்டு விரக்கடை குறைந்த படி

நான் அதிகம் பேசாத ஆள். வாயைத் திறக்காமல் இருந்தே என் தங்கச்சி கல்யாணத்தை நிறுத்தப் பார்த்தவன். முதலில் அதை ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

படி என்றால் என்னவென்று இப்போது சொல்ல வேண்டியிருக்கிறது. என் பேரன் அதைப் பேனா போட்டு வைக்கிற டப்பா என்று நினைத்துக்கொண்டிருக்கிறான். போட்டும் வைத்திருக்கிறான். (காலியாக இல்லை. அதுவரைக்கும் சரி.)

எங்கள் சென்னீர்குப்பத்தில் படி என்றால் பட்டணம் படி. எட்டு ஆழாக்கு. இரும்பு உடம்பு, வாயைச் சுற்றிப் பித்தளைப் பட்டை. கடைகளில் லிட்டர் வந்து வருடக்கணக்கில் ஆகியும், எழுபதுகளில் வீடுகளில் படிதான் நடந்தது. குடும்பத்தின் அளவையே ஒரு படி வீடு, ரெண்டு படி வீடு என்றுதான் சொல்வோம். எங்களுடையது ஒரு படி வீடு.

படிக்குச் சட்டம் உண்டு. காலால் தள்ளக் கூடாது. காலியாக வைக்கக் கூடாது, நாலு அரிசியாவது உள்ளே கிடக்க வேண்டும். என்ன ஆனாலும் கவிழ்க்கக் கூடாது. படி கவிழ்ந்தால் வீடு கவிழ்ந்த மாதிரி. அளக்கும்போது முதல் படியை 'ஒன்று' என்று எண்ணக் கூடாது. 'லாபம்' என்று சொல்ல வேண்டும். அதற்கு அடுத்ததுதான் ரெண்டு.

என் நைனா களத்தில் நெல் அளந்தவர். பண்ணைக்காரருக்கும் கூலிக்காரருக்கும் நடுவில் உட்கார்ந்து அளப்பார். ரெண்டு பக்கமும் அவரை ஒரு சொல் சொன்னதில்லை. நிலமெல்லாம் கம்பெனியாகிக் களம் போன பிறகும் அந்தப் பேர் மட்டும் போகவில்லை. எங்களிடம் இருந்த சொத்து அதுதான். அதில்தான் நான் கை வைத்தேன்.

தங்கச்சி வசந்தாவுக்கு ஆவடியில் இடம் அமைந்தது. மாப்பிள்ளை தணிகாசலம். தொழிற்சாலையில் வேலை, குடியிருக்க குவார்ட்டர்ஸ், வீட்டுக்குள்ளேயே குழாய்த் தண்ணீர். அதற்கு முன் வந்த ரெண்டு இடமும் வந்து டிபன் சாப்பிட்டுவிட்டுப் போனதோடு சரி. இதுவும் போனால் வசந்தா இனி யார் முன்னாலும் வந்து நிற்கமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். சொன்னால் சொன்னதுதான். அவள் நைனா மாதிரி.

தணிகாசலத்துக்குத் தாய் இல்லை. அத்தைதான் வளர்த்தார். அத்தை சரி என்றால் சரி.

நிச்சயத்தில் அந்த வீட்டுக்கு ஒரு வழக்கம் இருந்தது. ரெண்டு வீடும் நிறைபடி வைக்க வேண்டும். படியில் அரிசியைக் கோபுரமாகக் குவித்து, உச்சியில் மஞ்சள் செருகி வைப்பதுதான் நிறைபடி. பெண் வீட்டுப் படி அரிசியை எடுத்து மாப்பிள்ளை வீட்டுப் படியில் கொட்டுவார்கள். அங்கேயும் அதே மாதிரி குவிந்து நின்றால் வீட்டுக்கு வீடு சமம். அதன் பிறகுதான் தாம்பூலம். அவர்களும் எங்களைப் போல அன்றைய செங்கல்பட்டு ஜில்லா, அவர்களுடையதும் பட்டணம் படி. சரியாக வராமல் போவதற்கு வழியே கிடையாது. என்னை விட்டால்.

எங்கள் படியின் இடுப்பில் ஒரு ஒடுக்கு விழுந்திருந்தது. எனக்கு அப்போது அம்பத்தூரில் கேட் அடிக்கிற பட்டறையில் வேலை. வேலை என்றால், அடிக்கிறவருக்குச் சுத்தியல் எடுத்துக் கொடுப்பது. சபையில் வைக்கப்போகிற படி ஒடுக்கோடு இருக்கலாமா என்று எனக்குத் தோன்றியது. நிச்சயத்துக்கு ரெண்டு நாள் முன்னால் பட்டறைக்கு எடுத்துப்போனேன். சாப்பாட்டு நேரத்தில் யாரும் இல்லாதபோது நானே சூடு காட்டினேன், நானே அடித்தேன். முதல் அடியில் ஒடுக்கு பாதி போனது. ரெண்டாவதில் முழுக்கப் போனது. மூன்றாவது அடி எதற்கு என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. படி வாயிலிருந்து அடிவரை பிளந்துகொண்டது.

கோணியில் சுற்றிக் கொண்டுவந்து குளிக்கிற மறைப்புக்குப் பின்னால் வைத்தேன். யாரிடமும் சொல்லவில்லை. பட்டறையில் பாலிஷ் போடக் கொடுத்திருக்கிறேன் என்று அம்மாவிடம் சொன்னேன்.

நிச்சயத்தன்று காலை குமணன்சாவடிக்கு ஓடினேன். தெரிந்த மளிகைக் கடை. கடைக்காரர் சரக்கெடுக்கப் போயிருந்தார், அவர் சம்சாரம்தான் இருந்தது. முன்னால் இருந்த படியைக் கொடுத்தால் வியாபாரம் நின்றுவிடும் என்றது. பிறகு ஞாபகம் வந்து, "உள்ள மூட்டைக்குப் பின்னால ஒன்னு கீது, எத்துகினு போ. அவுரு அத்த யாரையும் தொட உடமாட்டாரு" என்றது.

யாரையும் தொட விடாத படி. (ரொம்ப மரியாதையான படி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.) மேலே பார்த்தேன், பித்தளைப் பட்டை பளபளவென்று இருந்தது. உயரம் சரியாக இருந்தது. அடியைப் பார்க்கவில்லை. கவிழ்க்கக் கூடாதே.

வீட்டில் அம்மா அரிசி அளந்து போட்டாள். "இன்னாடா, கம்மியா புடிக்கிற மாதிரி கீது" என்றாள். பாலிஷ் போட்டதால் அப்படித் தெரிகிறது என்றேன். பாலிஷ் போட்டால் அரிசி ஏன் குறைய வேண்டும் என்று அவளும் கேட்கவில்லை. அவசரம்.

நாலு மணிக்கு ஆவடிக்காரர்கள் வந்தார்கள். அத்தையின் கையிலிருந்த நிறைபடியை வாசலில் நான்தான் வாங்கினேன். எங்கள் படியும் அங்கே தயாராக இருந்ததால், ஆளுக்கொரு நடையாக எதற்கு என்று அதையும் இன்னொரு கையில் எடுத்தேன். இடது கை கீழே இறங்கியது. வலது கை மேலே ஏறியது. நானே தராசாக நின்றேன். அப்போதுதான் கடைக்காரர் அந்தப் படியை ஏன் யாரையும் தொட விடவில்லை என்று புரிந்தது.

கோணியில் கிடக்கிற படியைப் பற்றி அப்போதே சொல்லியிருக்கலாம். ரெண்டு படியையும் பாயில் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டு உட்கார்ந்துகொண்டேன். முதலில் காபி குடிக்கலாமே என்றேன். அம்மா முறைத்தாள். ஒரு யோசனை வந்தது. குண்டானிலிருந்து அரிசியை அள்ளி எங்கள் கோபுரத்தின் மேல் வைத்தேன். உருண்டு விழுந்தது. மறுபடி வைத்தேன். மறுபடி விழுந்தது. அத்தை பார்த்துக்கொண்டே இருந்தார்.

"இன்னா தம்பி, அரிசியோட சண்ட போட்டுகினு கீறே?"

எல்லோரும் சிரித்தார்கள். நைனா சிரிக்கவில்லை. படியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அத்தை தன் படியிலிருந்த அரிசியைத் தாம்பாளத்தில் கொட்டிவிட்டு, எங்கள் படியைத் தூக்கித் தன் காலிப் படியில் சாய்த்தார். சாய்த்துக்கொண்டே இருந்தார். எங்கள் படி காலியாகிவிட்டது. குவிய வேண்டிய அரிசி விளிம்பைக்கூடத் தொடவில்லை. கீழேயே நின்றுவிட்டது.

யாரோ குழந்தையின் வாயைப் பொத்தினார்கள்.

நான் பேசினேன். பேசியிருக்கக் கூடாது. "அரிசி வர்ற வழில அடங்கிச்சு" என்றேன்.

"ஒரு முழ தூரத்துலயா?" என்றார் அத்தை.

நைனா எழுந்து வந்தார். காலிப் படியைக் கையில் எடுத்தார். அதுவரை என் வாழ்நாளில் அவர் செய்து நான் பார்க்காததைச் செய்தார். கவிழ்த்தார். அம்மா கண்ணை மூடிக்கொண்டாள். அடித்தகடு அடியில் இல்லை. ரெண்டு விரக்கடை மேலே ஏற்றி வைத்து அடித்திருந்தார்கள். நைனா அந்தப் பள்ளத்தில் ரெண்டு விரலை வைத்துப் பார்த்தார். சரியாக இருந்தது. நிமிர்த்தி வைத்தார்.

"களத்துல அளந்த கையின்னு சொன்னாங்க" என்றார் அத்தை. குரலை உயர்த்தவில்லை. "இத்த வெச்சினு எத்தினி பேரு வவுத்துல அடிச்சீங்க?"

எங்கள் படி இல்லை என்று நைனா சொல்லியிருக்கலாம். சொன்னால், யார் வைத்தது என்று கேட்பார்கள். அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. தலையைக் குனிந்து நின்றார். நாற்பது வருடம் ரெண்டு பக்கமும் பார்த்து அளந்த மனிதர். அத்தை வெற்றிலைத் தட்டின் மேல் துணியை இழுத்து மூடினார். உள்ளே கதவுக்குப் பின்னால் வசந்தாவின் வளையல் சத்தம் கேட்டது. கழற்றுகிறாள்.

அந்தச் சத்தம்தான் என்னை எழுப்பியது. பின்பக்கம் ஓடினேன். கோணியோடு கொண்டு வந்து சபை நடுவில் பிரித்து வைத்தேன்.

"இதாம்மா எங்க படி. நான்தான் ஒடச்சேன். அது கடைப் படி. நைனாவுக்குத் தெரியாது."

அதுவரை நான் ஒரே மூச்சில் அவ்வளவு பேசியதில்லை.

அத்தை பிளவைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். நம்பியதாகத் தெரியவில்லை. "இதுல அரிசி நிக்குமா?" என்றார்.

நைனா குந்தி உட்கார்ந்தார். உடைந்த படியை ரெண்டு முழங்காலுக்கும் நடுவில் வைத்து, பிளவு மூடும்வரை ரெண்டு கையாலும் இறுக்கிப் பிடித்தார். பிடித்துக்கொண்டு அத்தையை நிமிர்ந்து பார்த்தார். கொட்டு என்று அர்த்தம்.

அத்தை தன் படியைப் புதிதாக நிரப்பினார். கோபுரம் வைத்தார். கொஞ்சம்கூடச் சிந்தாமல் எங்கள் படியில் சாய்த்தார். நைனாவின் விரல் இடுக்கில் நாலைந்து அரிசி வழிந்தது. அரிசி பாதிக்கு வந்தது. பட்டைக்கு வந்தது. விளிம்பைத் தொட்டது. அங்கேயே நின்றுவிடும் என்று பயந்தேன். நிற்கவில்லை. மேலே ஏறியது. குவிந்தது. அத்தை தன் படியின் அடியை ஒரு தட்டுத் தட்டினார். கடைசி அரிசி உச்சியில் போய் உட்கார்ந்தது.

"லாபம்" என்றார் நைனா. வேண்டுமென்று சொன்னதல்ல. படி நிறைந்தால் அவர் வாய் அதைச் சொல்லும்.

அத்தை கொஞ்ச நேரம் அந்தக் கோபுரத்தையே பார்த்தார். பிறகு தட்டின் துணியை எடுத்தார்.

"ரெண்டாவது தபா அளக்க வேணாம். ஒன்னே போதும். பொண்ண கூப்புடுங்க."

ஒன்று என்று சொல்லிவிட்டாரே என்று நைனா முகம் சுளித்தார். நல்லவேளை, வேறு எதுவும் சொல்லவில்லை.

திரும்பிப் போகும்போது அத்தை கடைப் படியைக் கேட்டு வாங்கிக்கொண்டார். குமணன்சாவடியில் வண்டியை நிறுத்தச் சொல்லி, கடையில் கூட்டம் நிற்கிற நேரத்தில், பலகையின் மேல் அதைக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போனாராம். ஒரு வருடத்துக்கு நான் உப்பு வாங்கக்கூட வேலப்பன்சாவடிக்குத்தான் போனேன்.

நைனா அதைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பிளந்த படியைத் தகடு வைத்து ஒட்டித் தரச் சொன்னார். பட்டறையில் வேறு ஆளிடம் கொடுக்கச் சொன்னார். அவ்வளவுதான்.

ஆனால் தணிகாசலம் விடவில்லை. அன்றிலிருந்து எனக்குப் பேரே 'ரெண்டு வெரக்கடை' மச்சான்தான். நான் என்ன கொடுத்தாலும், தூக்குச் சட்டியோ பழக்கூடையோ, அடியைத் திருப்பிப் பார்த்துவிட்டுத்தான் வாங்குவார். என் கல்யாணத்தில் பெண் வீட்டார் காதிலும் போட்டுவைத்தார். என் மாமனார் என் செருப்பைத் திருப்பிப் பார்த்தார்.

போன மாதம் வசந்தாவின் பேத்திக்குக் காது குத்தினார்கள். நான் ஒரு வெள்ளி டம்ளர் கொண்டுபோனேன். நீட்டியதும் பேச்சு நின்றுவிட்டது. எல்லோரும் குழந்தையைப் பார்த்தார்கள். ஐந்து வயது. காதில் வலி, கண்ணில் தண்ணீர். டம்ளரை வாங்கி, கவிழ்த்து, அடியில் ரெண்டு விரலை வைத்துப் பார்த்தாள்.

"சரியா கீது தாத்தா" என்றாள்.