பெரட்டு மிஸ்ஸியும் மூன்று வருஷ லீவும்

இந்த நாட்டில், இல்லாத ஆளுக்குத் தினமும் தவறாமல் பெயர் கூப்பிட்ட ஒரே மனுஷி எங்கள் பெரட்டு மிஸ்ஸிதான். சிங்கப்பூரில் இருப்பவளையும் சவூதியில் இருப்பவளையும் கோல சிலாங்கூர் கடைத்தெருவில் நின்று காலை ஆறு மணிக்குக் கூப்பிடுவார். பதில் வராது என்று அவருக்கும் தெரியும். அதற்காக ஒருநாள்கூடக் கூப்பிடாமல் விட்டதில்லை.

சம்பளச் சீட்டில் அவருக்கு வேறொரு பெயர் இருந்தது. அதைச் சொல்லி விசாரித்தால் ஊரில் ஒருவருக்கும் தெரியாது. எங்கள் பக்கம் நர்ஸ் என்று யாரும் சொல்வதில்லை, மிஸ்ஸிதான். மீசை வைத்த ஆண் நர்ஸைக்கூட மிஸ்ஸி என்று கூப்பிட்டுவிடும் வயசாளிகள் உண்டு. பெரட்டு என்பது ரப்பர் தோட்டத்துச் சொல். விடிவதற்கு முன்னால் தொழிலாளர்களை வரிசையில் நிறுத்தி, வேலையை மேற்பார்க்கும் மண்டோர் பெயர் கூப்பிடுவாரே, அதுதான். மிஸ்ஸியின் அப்பா மண்டோராக இருந்தவர். அவர் வேலை பார்த்த தோட்டம் போய், வீடமைப்பு வந்து, நடுவில் ஒரு பெட்ரோல் நிலையமும் வந்துவிட்டது. பெரட்டு மட்டும் மகளோடு சேர்ந்து டயாலிசிஸ் சென்டருக்கு வேலைக்கு வந்துவிட்டது.

அந்த சென்டரில் கவுண்டரில் உட்கார்ந்து நோயாளிகளின் பெயரைப் பதிகிற வேலை எனக்கு. முதல் நாள் காலை ஆறு ஐந்துக்குப் போய் இறங்கினேன். ஐந்து நிமிடம் தாமதம் என்பது என் கணக்கில் சீக்கிரம். சென்டர் இருந்த கடை வாசலில் நாலைந்து பேர் வரிசையாக நின்றார்கள். எதிரே குள்ளமாக, வெள்ளைக் காலணி போட்ட ஓர் அம்மாள் நீளமான பேரேட்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

"நீதான் புது கிராணியா?"

"கிளார்க், மேடம்."

"கிராணின்னாலும் கிளார்க்குன்னாலும் தூங்கு மூஞ்சி ஒண்ணுதான். நகத்த காட்டு."

காட்டினேன். அன்றிலிருந்து நான் கிராணி. அம்மா அப்பா வைத்த பெயர் அந்த வாசலிலேயே கழன்று விழுந்துவிட்டது.

நகம் பார்ப்பதில் மிஸ்ஸிக்குச் சின்னவர் பெரியவர் கிடையாது. மாதம் ஒருமுறை வரும் ஸ்பெஷலிஸ்ட் டாக்டர் ஒருநாள் தெரியாத்தனமாக ஆறு மணிக்கே வந்துவிட்டார். காரை விட்டு இறங்கியவர் வரிசையைக் கடந்துதான் உள்ளே போக வேண்டும். "டாக்டர், கைய நீட்டுங்க" என்றார் மிஸ்ஸி. அவரும் நீட்டினார். "கட்ட வெரல்ல கொஞ்சம் வெட்டணும்." டாக்டர் உள்ளே போய் முதல் வேலையாக நகவெட்டி கேட்டார். அதற்குப் பிறகு அவர் ஒன்பது மணிக்கு முன்னால் வந்ததே இல்லை.

நகம் முடிந்ததும் பெயர். "நூருல்!" என்பார். நூருல் மலாய்ப் பெண். "இருக்கேன் மிஸ்ஸி" என்பதை எங்களைவிடச் சுத்தமாகச் சொல்வாள். "சரசு!" இருக்கேன் மிஸ்ஸி. "விமலா!" கப்சிப். முதல் நாள் நான் திரும்பித் திரும்பிப் பார்த்தேன்.

"சிங்கப்பூர்" என்றாள் சரசு.

"லீவு" என்று சொல்லிக்கொண்டே மிஸ்ஸி எழுதினார். "ஜெயந்தி!"

"சவூதி, மிஸ்ஸி."

"லீவு."

இப்படிப் பதினோரு பெயர் கூப்பிடுவார். ஐந்து பேர் நிற்பார்கள், ஆறு பேர் லீவு. அந்த ஆறு பேரும் ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டுப் போய் வருஷக்கணக்காகிறது. பயிற்சி முடித்து, இங்கே வந்து மெஷின் பழகி, கை தேர்ந்த கையோடு சிங்கப்பூருக்குப் பறந்துவிடுவார்கள். தப்புச் சொல்லவும் முடியாது. இங்கே ஒரு மாதம் ஓடியாடி வாங்குவதை அங்கே பத்து நாளில் வாங்கிவிடலாம். காரும் வீடும் தம்பியின் படிப்பும் சும்மா வருமா?

ஒருநாள் கேட்டே விட்டேன். "போனவங்க பேர வெட்டிட வேண்டியதுதான மிஸ்ஸி? தெனமும் தொண்டத்தண்ணி வத்துது."

பேரேட்டை மூடிவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தார். "தோட்டத்துல பேரு வெட்டுனா என்னா அர்த்தம் தெரியுமா கிராணி? அந்தக் குடும்பம் தோட்டம் குடுத்த லயத்து வீட்ட காலி பண்ணணும். எங்கப்பா இருவது வருஷம் மண்டோரு. ஒருத்தர் பேரயும் வெட்டுனது இல்ல. ஓடிப்போனவனுக்குக்கூட காச்சல்னு எழுதிட்டு வருவாரு. நான் வெட்டுவனா?"

அதோடு நின்றாரா? வாட்ஸ்அப்பில் 'பெரட்டு' என்று ஒரு குழு வைத்து, தினமும் பெயர் கூப்பிடுவதைப் பதிவு செய்து அதில் போட்டார். சிங்கப்பூர் விடுதியில் விமலா கண் விழிப்பதே அந்தக் குரலில்தான். அவளுடன் தங்கியிருந்த பிலிப்பீன்ஸ் பெண்கள் இரண்டு பேர் தமிழே தெரியாமல் "லீவு" என்று மட்டும் கற்றுக்கொண்டார்களாம். குழுவை விட்டு வெளியே போக ஒருவருக்கும் தைரியம் கிடையாது. அது தன் பெயரைத் தானே வெட்டிக்கொண்ட மாதிரி.

இவ்வளவு தமாஷும் ஒரு நாள் வினையாக வந்து நின்றது.

சென்டரில் நோயாளிகள் இரண்டு கூட்டம். திங்கள், புதன், வெள்ளி ஒரு கூட்டம். செவ்வாய், வியாழன், சனி இன்னொன்று. ஒரு மிஸ்ஸி இத்தனை பேரைத்தான் பார்க்கலாம் என்று விதி இருக்கிறது. ஐந்து பேரில் ஒருத்திக்குத் திருமணமாகி ஜொகூர் போக நாள் குறித்தாகிவிட்டது. அவளும் போனால் செவ்வாய்க் கூட்டத்தை நடத்த முடியாது. மிஸ்ஸி சொல்லச் சொல்ல நான் தலைமை அலுவலகத்துக்குக் கடிதம் அடித்தேன்: உடனே ஒரு நர்ஸ் வேண்டும்.

பதில் நாலே நாளில் வந்தது. 'உங்கள் பதிவேட்டின்படி நீங்கள் பதினோரு பேர் இருக்கிறீர்கள். ஒரே நேரத்தில் ஆறு பேருக்கு லீவு கொடுத்தது ஏன்? அவர்களை உடனே வேலைக்குத் திரும்ப அழைக்கவும்.'

வருகைப் பதிவை மாதாமாதம் கணினியில் ஏற்றி அனுப்புவது என் வேலை. மிஸ்ஸி 'லீவு' என்று எழுதியதை நானும் வரி பிசகாமல் லீவு என்றே ஏற்றியிருந்தேன். போனவர்களின் சம்பளத்தை நிறுத்திய பிரிவு ஒரு மாடியில், பதிவேட்டைப் பார்க்கிற பிரிவு வேறு மாடியில். ஒன்றுக்கு ஒன்று தெரியாது. பயந்துகொண்டே கடிதத்தைப் படித்துக் காட்டினேன். மிஸ்ஸியோ, "திரும்ப கூப்பிட சொல்றாங்க. நான் தெனமும் அததான செய்றேன்?" என்றார்.

விசாரிக்க ஓர் எச்.ஆர். தம்பி வந்தான். இஸ்திரி போட்ட சட்டை, கழுத்தில் அட்டை, கையில் டேப்லட். பாவம், ஆறு மணிக்கே வந்துவிட்டான். நகத்தைக் காட்டிவிட்டு வரிசையில் நின்றான்.

வரிசையின் கடைசியில் மாரி அண்ணன் நின்றார். ஜெராமில் செம்பனைப் பழம் ஏற்றும் லோரி ஓட்டுபவர். மனைவி முனியம்மா செவ்வாய்க் கூட்டத்து நோயாளி. மனைவியை மோட்டார் சைக்கிளில் கொண்டுவந்து இறக்கிவிட்டுச் சும்மா நிற்பானேன் என்று அண்ணனும் பெரட்டில் சேர்ந்துகொள்வார். எச்.ஆர். தம்பி என்னை விட்டுவிட்டுத் தலைகளை எண்ணினான். "ஆறு பேர் இருக்கீங்களே! அண்ணே, நீங்க எந்த கிரேடு?"

"லோரி கிரேடு லா, தம்பி."

தம்பிக்கு முகம் சிவந்துவிட்டது. மிஸ்ஸியிடம் திரும்பினான். "மேடம், இந்த விமலா எவ்ளோ நாளா லீவ்?"

"மூணு வருஷம்."

"மூணு வருஷமா! எந்த கம்பெனில மேடம் மூணு வருஷம் லீவ் குடுப்பாங்க?"

"சம்பளம் யாரு குடுத்தா? லீவு மட்டுந்தான குடுத்தேன்."

அவன் கெட்டவன் இல்லை. உட்கார்ந்து பொறுமையாகவே விளக்கினான். பெயரை வெட்டினால்தான் காலியிடம். காலியிடம் காட்டினால்தான் விளம்பரம். விளம்பரம் போட்டால்தான் ஆள். மாதக் கடைசிக்குள் ஆறு பெயரையும் வெட்டி அனுப்ப வேண்டும். ஆள் வரும்வரை செவ்வாய்க் கூட்டத்தைத் தற்காலிகமாக மூடுவார்கள். அந்த ஒன்பது நோயாளிகளும் கிள்ளானுக்குப் போய்ப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

"தற்காலிகமா மூடுன தோட்டத்து ஆஸ்பத்திரி ஒண்ண திரும்ப தொறந்து பாத்திருக்கியா தம்பி?" என்றார் மிஸ்ஸி.

மாரி அண்ணன் எல்லாவற்றையும் வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். "கிள்ளானுக்கு வாரத்துல மூணு வாட்டி மோட்டார்ல கூட்டிட்டு போனா, போற வழியிலயே இவ மயங்கி விழுந்துருவா கிராணி" என்று என்னிடம் மெதுவாகச் சொன்னார். ரத்தம் கழுவுவதை இரண்டு தடவை தவறவிட்டால் மூச்சு முட்டும். அது அங்கே எல்லாருக்கும் தெரியும்.

மறுநாள் பெரட்டில் மிஸ்ஸி சிவப்புப் பேனாவோடு வந்தார். பெயர்களைக் கூப்பிட்டு முடித்ததும் போனை வாயருகே வைத்துக்கொண்டு சொன்னார்: "எல்லாரும் கேட்டுக்குங்க. மாசக் கடைசில ஆறு பேரு பேர வெட்டப்போறேன். எனக்கு வேற வழி இல்ல. நல்லா இருங்க." கடைசி வார்த்தையில் குரல் உடைந்துவிட்டது. டாக்டர் நகத்தையே அதட்டிய குரல் அது. நாங்கள் யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை. நூருல் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே ஓடிவிட்டாள்.

குழுவில் பதில் வரவில்லை. இரண்டு பேர் அழுகிற முகம் போட்டார்கள், அவ்வளவுதான். அழுகிற முகம் வந்து மெஷினைத் தட்டிவிடுமா?

மாதக் கடைசி நாள் ஒரு செவ்வாய்க்கிழமை. வரிசை நின்றது. பேரேட்டின் மேல் சிவப்புப் பேனா. மிஸ்ஸி கண்ணாடியை இரண்டு தடவை துடைத்துப் போட்டுக்கொண்டார்.

"நூருல்!"

"இருக்கேன் மிஸ்ஸி."

"சரசு!"

"இருக்கேன் மிஸ்ஸி."

"விமலா!"

பழக்க தோஷத்தில் நான் "சிங்கப்..." என்று ஆரம்பித்தேன்.

"இருக்கேன்!"

தெருவிலிருந்து வந்தது குரல். கூடவே பெட்டிச் சக்கரம் கடகடவென்று உருண்டு வந்தது. அதுவரை அவளைப் பார்த்திராத நான்கூட அது விமலாதான் என்று தெரிந்துகொண்டேன். ராத்திரி முழுக்க பஸ்ஸில் உட்கார்ந்தே வந்த முகம், கலைந்த தலை, கண்ணில் அப்படியொரு கோபம்.

"ஏன் மிஸ்ஸி, மூணு வருஷமா லீவுன்னு போட்டு வச்சிட்டு, லீவு முடியற நேரத்துல பேர வெட்டுவீங்களா? நியாயமா இது?"

மிஸ்ஸி சிவப்புப் பேனாவை மூடினார்.

"இந்த மாசத்தோட கான்ட்ராக்ட் முடியுது. திரும்ப சைன் பண்ணலாமா வேணாமான்னு யோசிச்சிட்டு இருந்தேன். தெனமும் லீவு லீவுன்னு சொன்னா, எப்ப வேணும்னாலும் போவலாம்னுதான மனுஷிக்குத் தோணும்? திடீர்னு வெட்டறேன்னா?" சொல்லும்போதே அழுதாள்.

"சம்பளம் அங்க குடுத்ததுல பாதிகூட வராதுடி" என்றார் மிஸ்ஸி.

"தெரியும். கார் லோன் முடிஞ்சிருச்சி. எம்மவ புக்கிட் ரோத்தான்ல எங்கம்மாகிட்ட வளருறா. என்னைய ஆன்ட்டின்னு கூப்பிடுறா, மிஸ்ஸி."

மிஸ்ஸி அவளை ஏற இறங்கப் பார்த்தார். "நகத்த காட்டு" என்றார். விமலா காட்டினாள். மிஸ்ஸி அந்தக் கையை விடவே இல்லை. மாரி அண்ணன் வரிசையை விட்டு விலகி, கடைச் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று மூக்கைச் சிந்தினார்.

செவ்வாய்க் கூட்டம் ஒரு நாள்கூட நிற்கவில்லை. முனியம்மா அக்கா அன்று காலை ஏழு மணிக்கே மெஷினில் படுத்தாயிற்று. எச்.ஆர். தம்பியை மிஸ்ஸி போனிலேயே பிடித்துக்கொண்டார். விமலாவின் மூன்று வருஷச் சிங்கப்பூர் அனுபவத்தைப் புதுப் பிள்ளை சம்பளத்தில் போட்டால் அவன் இனி பெரட்டுப் பக்கமே வர வேண்டியதில்லை என்று சொல்லிவிட்டார். அவன் மேலிடத்தில் மல்லுக்கட்டி ஒரு படி ஏற்றி வாங்கிக் கொடுத்தான். கடை மாடியில் காலிப் பெட்டிகள் அடைந்து கிடந்த இரண்டு அறைகளைத் துடைத்து, தூரத்திலிருந்து வரும் பிள்ளைகள் வாடகையில்லாமல் தங்கவும் ஏற்பாடானது. அதற்கு மிஸ்ஸி வைத்த பெயர் லயம். லயம் வந்ததும் செரண்டாவிலிருந்து ஒருத்தி, உலு யாமிலிருந்து ஒருத்தி என்று புதுசாகப் படித்து முடித்த இரண்டு பேர் வந்து சேர்ந்தார்கள். ஆள் பஞ்சம் தீர்ந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். வரிசை கொஞ்சம் நீண்டது.

மீதி ஐந்து பெயர்? எச்.ஆர். தம்பி தன் கணினியில் எதையோ தட்டி அவற்றைத் தனியாக ஒரு மூலையில் வைத்தான். காலியிடமும் கிடைத்தது, பேரேட்டில் பெயரும் வெட்டுப்படவில்லை. அவனும் இப்போது 'பெரட்டு' குழுவில் இருக்கிறான். "எச்சார்!" என்று அவனையும் கூப்பிடுகிறார் மிஸ்ஸி.

நானும் ஒருநாள் போனேன். கோலாலம்பூரில் எழுதுகிற வேலை கிடைத்தது, சம்பளமும் கூடுதல். ராஜினாமாக் கடிதத்தை நீட்டினேன். மிஸ்ஸி அதை மடித்துப் பேரேட்டுக்குள் செருகிக்கொண்டு, "எத்தன நாள் லீவு கிராணி?" என்று கேட்டார்.

நாலு வருஷம் ஆகிறது. இன்றைக்குக் காலையும் ஆறு பத்துக்குப் போன் அலறியது. நூருல், சரசு, விமலா எல்லாரும் இருந்தார்கள். "கிராணி!" என்றது அந்தக் குரல். "கோலாலம்பூர்" என்றாள் விமலா. "லீவு." தலையணையிலிருந்து எழுந்து, யாரும் இல்லாத அறையில், போனைப் பார்த்து "இருக்கேன் மிஸ்ஸி" என்று சொன்னேன். சொல்லாமல் நான் காப்பி குடிப்பதில்லை.