நாளைக்கே போவன் சேர்

பாடசாலைப் பேச்சுப் போட்டியில் பரிசு வாங்கியவனை அரச அலுவலகத்துக்கு அனுப்பக்கூடாது. அவன் வாயைத் திறந்தால் மூடமாட்டான். யாரிடம் பேசுகிறோம் என்று பார்க்கவும் மாட்டான். அனுபவத்தில் சொல்கிறேன்.

அப்போது எனக்கு இருபத்தாறு வயது. அக்கராயன் பக்கம் குளத்துக்குக் கீழே எங்கள் வீடு. அம்மா மலையகத் தோட்டத்தில் பிறந்தவர். கலவரத்துக்குப் பயந்து சின்ன வயதிலேயே தாய் தகப்பனோடு வன்னிக்கு வந்து, காடு வெட்டிக் குடியிருந்த காணி அது. யுத்தத்தில் ஓடினோம், திரும்பி வந்தோம், பாதிச் சுவரில் கூரை போட்டோம். அதன் பிறகுதான் ஒருநாள் படலையில் கட்டளை ஒட்டினார்கள். காணி குளத்துக்கு ஒதுக்கிய அரச நிலமாம், நாங்கள் அத்துமீறிக் குடியிருக்கிறோமாம், வீட்டை விட்டு எழும்ப வேண்டுமாம்.

மேன்முறையீடு செய்தோம். விசாரணைக்குக் கிளிநொச்சிக்கு வரச் சொன்னார்கள். ஒரு கிழமையாகக் கண்ணாடிக்கு முன்னால் நின்று பேசிப் பழகினேன். (தங்கச்சி கைதட்டிக் கைதட்டி என்னைக் கெடுத்துப்போட்டாள்.) பஸ்ஸில் அம்மாவுக்குக் கடுமையாகச் சொன்னேன்:

"அம்மா, நீங்க அங்க வாயே திறக்கக்கூடாது. எல்லாம் நான் கதைக்கிறன்."

"சரிப்பா," என்றார் அம்மா.

அலுவலகத்தில் ஒரே விறாந்தையில் இரண்டு கதவுகள், இரண்டிலும் கூட்டம். ஒரு கதவு திறந்து, "சிவகுமார்!" என்று கூப்பிட்டார்கள். அம்மாவை வாங்குப் பலகையில் விட்டுவிட்டுப் பாய்ந்து உள்ளே போனேன். நாட்டில் எத்தனை சிவகுமார்கள் இருப்பார்கள் என்று யோசிக்கிற நிலையில் நான் இல்லை.

மேசைக்குப் பின்னால் மூன்று பேர். ஒரு தாளில் கையெழுத்தும் தொலைபேசி இலக்கமும் வாங்கினார்கள். நடுவில் இருந்த அம்மையார், "உங்களைப் பற்றிச் சொல்லுங்கோ தம்பி," என்றார்.

சொன்னேன். காடு வெட்டியது, கிணறு வெட்டியது, ஓடியது, வந்தது எல்லாம். "இந்த மண்ணை நம்பி நாங்களும் எங்கட ரெண்டு கறவை மாடும்..." என்ற இடத்தில் அம்மையார் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"மாடு வளர்க்கிறீங்களோ? ஊசி போடத் தெரியுமோ?"

வீட்டை விட்டு எழுப்புவதற்கும் மாட்டு ஊசிக்கும் என்ன சம்பந்தம்? ஆனால் இல்லை என்று சொல்லிக் காணி போய்விட்டால்? "ஓம் மேடம்," என்றேன். வாழ்நாளில் ஊசியைத் தொட்டதில்லை.

"கன்று போடேக்க பின்னங்கால் முதல் வந்தா என்ன செய்வீங்கள்?"

இவ்வளவு நுணுக்கமாக விசாரிக்கிறார்களே, இது சும்மா விடுகிற ஆக்கள் இல்லை.

"அம்மாவைக் கூப்பிடுவன் மேடம்."

ஒருவர் இருமினார். எனக்கு அதற்கு மேல் தாங்கவில்லை. கண் கலங்கி, "எங்களை எழுப்பாதேங்கோ மேடம்!" என்று கும்பிட்டேன்.

"உங்களை ஆர் எழுப்பினது? முதல்ல தண்ணி குடியுங்கோ. முடிவைப் பிறகு அறிவிப்பம்."

தண்ணீரைக் குடித்துவிட்டு வெளியே வந்தால், பக்கத்துக் கதவால் ஒரு பெடியன் சிரித்துக்கொண்டு வருகிறான். வாங்கில் இருந்தவர்களிடம் சொல்கிறான்: "லேசான இன்டர்வியூ. மிருக வைத்தியத்தைப் பற்றி ஒரு கேள்வியுமில்லை. சிவகுமார், வேற இடத்துக்குப் போகச் சொன்னாப் போவீரோ எண்டு கேட்டவை. எங்க எண்டாலும் நாளைக்கே போவன் சேர் எண்டனான்."

அவனும் சிவகுமாரா! அம்மாவிடம் ஓடினேன்.

"அம்மா, அந்த அறையில எங்கட பேரைக் கூப்பிட்டவையோ?"

"கூப்பிட்டாங்கப்பா. அந்தப் பையன் கக்கூஸ்லருந்து ஓடியாந்து உள்ள போயிட்டான்."

"சொல்லியிருக்கலாமே!"

"நீதானப்பா வாயத் தொறக்கக்கூடாதுன்ன."

காணி விசாரணை அறைக்குள் நுழைந்தேன். உத்தியோகத்தர் கோப்பைக் கட்டிக்கொண்டிருந்தார்.

"சிவகுமார் விசயம் முடிஞ்சுது. போறதுக்குச் சம்மதம் எண்டு எழுதியாச்சு."

"சேர், நான்தான் சிவகுமார்."

"அப்ப போனது ஆர்?"

பழகிய பேச்சில் ஒரு சொல்லாவது வரவேண்டுமே. அவ்வளவையும் அடுத்த அறையில் கொட்டிவிட்டேன். வந்தது ஒரே வசனம்: "எங்களிட்ட ரெண்டு கறவை மாடு இருக்குது சேர்."

"கட்டளை மாட்டுக்கு இல்லை தம்பி. உங்களுக்குத்தான்."

அப்போதுதான் பின்னால் அம்மாவின் குரல் கேட்டது. "ஐயா, இதுதான் என் புள்ள. அது யார் பெத்த புள்ளையோ. அவன் போறேன்னா அவன் போகட்டும். நாங்க எங்கங்கய்யா போறது?"

அவர் என் அடையாள அட்டையைப் பார்த்தார், கோப்பைப் பார்த்தார். பிறகு எழுதியதை வெட்டிவிட்டு அம்மாவை இருக்கச் சொன்னார். அம்மா கதிரை நுனியில் இருந்து, கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னார். நில அளவையாளரை அனுப்பி அளந்துபோட்டு அறிவிப்பதாகச் சொன்னார்கள்.

அளந்துவிட்டுப் போனார்கள். பிறகு வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. தொலைபேசி அடித்தால் மூன்று பேரும் திடுக்கிட்டோம். ஒரு காலை அடித்தது.

"சிவகுமாரோ? அண்டைக்கு வந்த விசயம். மன்னிக்கவேணும், உங்களுக்குச் சரிவரேல்லை."

அம்மா என் முகத்தைப் பார்த்தே அழத் தொடங்கிவிட்டார்.

"நாங்கள் எப்ப எழும்பவேணும்?" என்று கேட்டேன்.

"எங்கயிருந்து?"

"வீட்டிலயிருந்து."

"அது உங்கட விருப்பம் தம்பி. நாங்கள் மிருக வைத்தியப் பிரிவு."

அம்மா அழுகையை நிறுத்தவே நேரமெடுத்தது. உண்மையான முடிவு அதற்குப் பிறகுதான் வந்தது. குளத்தின் எல்லை வீட்டுக்கும் அடுப்பெரிக்கிற குசினிக்கும் நடுவால் போகிறதாம். வீடு இருக்கலாம், குசினி எழும்ப வேண்டும். அன்றைக்கே கூரை ஓடுகளைக் கழற்றத் தொடங்கினோம். குசினியை உடைத்துக்கொண்டு இவ்வளவு சந்தோசமாகச் சிரித்த குடும்பம் அந்தப் பகுதியில் வேறு இருந்திராது.

மற்றச் சிவகுமாருக்கு அந்த வேலை கிடைத்தது. அவரை எங்கள் பகுதிக்கே போட்டார்கள். இன்றைக்கும் எங்கள் மாடுகளுக்கு ஊசி போட அவர்தான் வருகிறார். நான் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். வீட்டில் விருந்தாளிகள் இருந்தால் அம்மா எங்கள் இருவரையும் காட்டிச் சொல்வார்:

"ரெண்டு பேரும் ஒரே நாள்ல இன்டர்வியூக்குப் போனவங்க. அவரு பாஸ்."