நாற்பது நிமிட மரணமும் ஒரு சப்வூஃபரும்

நான் ஒரு முறை செத்திருக்கிறேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், கோழிக்குழம்பு சாப்பிட்டு, ரசத்துக்கு இரண்டாம் முறை சோறு வாங்கி, அதையும் முடித்த பிறகு, ஏறக்குறைய நாற்பது நிமிடம். பிழைத்துக்கொண்டேன். ஆனால் அந்த நாற்பது நிமிடத்தில் வாயைத் திறந்து சொன்ன ஒரு விஷயத்துக்கான தண்டனை இன்னும் முடியவில்லை. (வீட்டுக்கு விருந்தாளி வரும்போதெல்லாம், செத்தே போயிருக்கலாம் என்று தோன்றும்.)

எல்லாம் மாமாவின் காதில் ஆரம்பித்தது. மாமா என்றால் என் மனைவி மோனிக்காவின் அப்பா. பிரெஞ்சு ராணுவத்தில் சிப்பாயாக இருந்து ஓய்வு பெற்றவர். அத்தை இறந்த பிறகு, உப்பளம் பகுதியில் எங்கள் வீட்டில் எங்களோடு இருக்கிறார். எண்பது வயதிலும் சட்டையை உள்ளே விட்டு பெல்ட் போட்டுக்கொண்டுதான் டி.வி. முன்னால் உட்காருவார். அவரிடம் ஒரு பழக்கம் உண்டு. யாராவது ஹாலுக்குள் வந்தால், வந்தவர் நானாகவே இருந்தாலும், ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்திவிட்டு, "சவா, மாப்ள?" என்று பிரெஞ்சில் நலம் விசாரிப்பார். "சவா, மாமா" என்று நான் சொல்லி நகர்ந்த பிறகுதான் சத்தம் திரும்ப வரும். மனுஷன் நிற்கும்போது பெட்டி பேசிக்கொண்டிருப்பது மரியாதை இல்லையாம். இந்தப் பழக்கத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். என்னைக் கொன்றதில் இதற்குப் பாதிப் பங்கு உண்டு.

எங்கள் புது டி.வி. அப்பளம் மாதிரி மெல்லியது. ஸ்பீக்கரை அதன் முதுகில் வைத்திருந்தார்கள். அதனால் அது எங்களிடம் பேசாமல் சுவரிடம் பேசிக்கொண்டிருந்தது. மாமா ஒலியைக் கூட்டிக்கொண்டே போனார். ஒரு நாள் பக்கத்து வீட்டுக்காரர் என்னைத் தெருவில் நிறுத்தி, "சார், நீங்க போடற படத்த நாங்களும் தெனம் கேட்டுட்டுதான் இருக்கறோம். முந்தாநாளு போட்டதுல வில்லன் செத்தானா இல்லியா? கரண்ட்டு போயிடுச்சு" என்று கேட்டார்.

சவுண்ட்பார் வாங்குவது என்று முடிவானது. கடைக்காரர் நல்ல மனிதர். "பெரியவருக்குப் பேச்சுதான தெளிவா கேக்கணும்? அதுக்கு பார் மட்டும் போதும் சார். சப்வூஃபர் இடிக்கறதுக்கு. உங்க ஹால் சின்னது, சும்மா அதிரும்" என்றார். இவ்வளவு நேர்மையான மனிதரின் பேச்சை நான் கேட்டிருக்க வேண்டும். ஆனால் அவர் சும்மா காட்டுகிறேன் என்று ஒரு சண்டைக் காட்சியைப் போட்டார். வெடி வெடித்தபோது என் பேன்ட் கால்கள் இரண்டும் படபடத்தன. ஐம்பத்திரண்டு வயதில் என் பேன்ட்டுக்கு அப்படி ஓர் அனுபவம் கிடைத்ததே இல்லை. இருப்பதிலேயே பெரிய சப்வூஃபரைக் காட்டி, "இதயும் சேத்துப் போடுங்க" என்றேன்.

"ஒயர்லெஸ் சார். கரண்ட் பிளக் மட்டும் போதும், எங்க வேணா வைக்கலாம். ஆனா மூலையில வேணாம். மூலையில வச்சா இடி ரெண்டு பங்காயிடும்."

சனிக்கிழமை மாலை ஆள் வந்து மாட்டினார். பார் டி.வி.க்குக் கீழே உட்கார்ந்தது. சப்வூஃபருக்கு ஹாலில் மிச்சமிருந்த ஒரே பிளக் மூலையில்தான் இருந்தது. அதற்கு நேர் மேலே மாதா சுரூபம் வைத்த பலகை. மாட்டியவர், "பேஸ் ஃபுல்லா வச்சிருக்கறேன் சார், அப்பதான் ஒரு கெத்து" என்று சொல்லிவிட்டுப் போனார்.

இங்கே மாதாவைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். மாமா பிரான்சிலிருந்து கடைசியாக ஊர் திரும்பியபோது லூர்து நகரத்துக்குப் போய் வாங்கி, தன் குளிர்க்கோட்டில் சுற்றி, மடியிலேயே வைத்துக் கொண்டுவந்த சுரூபம் அது. வீட்டுக்கு யார் வந்தாலும், காபி வருவதற்குள் இந்தக் கதை வந்துவிடும்.

கதை உண்மைதான். பலகையில் இருந்த சுரூபம்தான் அது இல்லை.

பதினான்கு வருடத்துக்கு முன், ஒரு கிறிஸ்துமஸுக்கு ஸ்டார் கட்ட ஸ்டூல் மேல் ஏறிய நான், என் முழங்கையால் மாதாவைத் தரைக்கு அனுப்பிவைத்தேன். வீட்டில் எல்லோரும் கோயிலுக்குப் போயிருந்தார்கள். அதே உயரத்தில், அதே நீலக் கச்சையோடு ஒன்றை மிஷன் வீதியில் வாங்கிவந்து, அவர்கள் திரும்புவதற்குள் பலகையில் வைத்துவிட்டேன். யாரும் கண்டுபிடிக்கவில்லை. மாமா தினமும் காலையும் மாலையும் மிஷன் வீதி மாதா முன்னால் முட்டிபோட்டு, லூர்து மாதாவே என்று உருகுவார். நான் பக்கத்தில் முட்டிபோட்டு என் கால் கட்டைவிரலைப் பார்ப்பேன்.

சரி, சனிக்கிழமைக்கு வருவோம். மாமா ஒரு பழைய சண்டைப் படத்தைப் போட்டார். ஒவ்வொரு வார்த்தையும் மணியாகக் கேட்டது. "மெர்சி, மாப்ள" என்றார், கண் கலங்கி. நான் பெருமையோடு சாய்ந்து உட்கார்ந்தேன். அப்போதுதான் மோனிக்கா சொன்னாள்:

"என்னங்க, மாதா திரும்பறாங்க."

பார்த்தேன். ஒவ்வொரு குத்துக்கும் கொஞ்சம் கொஞ்சமாக, அவசரமே இல்லாமல், மாதா திரும்பிக்கொண்டிருந்தார். கதாநாயகன் கடைசி ஆளை அடித்து முடித்தபோது எங்களுக்கு முதுகைக் காட்டிச் சுவரைப் பார்த்து நின்றார்.

"அதிர்ச்சியில திரும்பியிருக்கும்" என்றாள் மோனிக்கா.

சப்வூஃபரின் அதிர்ச்சியைத்தான் அவள் சொன்னாள் என்பது அறிவுக்குப் புரிந்தது. மற்ற உறுப்பு எதற்கும் புரியவில்லை. பதினான்கு வருடம் பொறுத்தவர், மாமா எனக்கு நன்றி சொன்ன அதே நிமிடத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டார் என்றால் என்ன அர்த்தம்? அன்று நான் தொடையை இறுக்கிக்கொண்டு தூங்கினேன். (ஏன் தொடையை என்று கேட்காதீர்கள். பயந்தவன் கையில் கிடைத்ததை இறுக்குவான்.)

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்ததிலிருந்து அந்த மூலைப் பக்கமே நான் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் பிழைத்திருப்பேன். சாப்பிட்டுவிட்டுப் படுக்கையறைக்குப் போய், கதவைச் சாத்தி, ஏ.சி.யைப் போட்டுப் படுத்தேன். கண் சொருகும் நேரம்.

தும்.

நெஞ்சுக்குள். முதுகுப் பக்கத்திலிருந்து முன்னால் வந்தது மாதிரி. அப்புறம் சும்மா இருந்தது. ரசமாக இருக்கும் என்று ஒருக்களித்தேன். தும், தும். கொஞ்சம் இடைவெளி. தும் தும் தும் தும். அறையில் ஏ.சி.யின் முனகல் தவிர ஒரு சத்தம் கிடையாது. போன மாதம்தான் எங்கள் ஆபீஸில் என் பக்கத்து சீட்டுக்காரருக்கு ஸ்டென்ட் வைத்தார்கள். அவர் எப்படி ஆரம்பித்தது என்று சொன்ன வர்ணனை வரிக்கு வரி ஞாபகம் வந்தது.

நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஹாலுக்கு ஓடினேன். மாமா ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்தினார்.

"சவா, மாப்ள?"

நெஞ்சில் ஒன்றும் இல்லை. நின்றுபோயிருந்தது. "சவா, மாமா" என்று சொல்லி, தண்ணீர் குடித்து, திரும்பிப் போய்ப் படுத்தேன்.

தும். தும் தும்.

மறுபடி ஹால். மறுபடி ரிமோட். "சவா, மாப்ள?" மறுபடி அமைதி. மூன்று தடவை போய்வந்தேன். மூன்றாவது தடவை மாமா, "வயிறு சரியில்லையா?" என்று பிரியமாகக் கேட்டார். நின்றால் நிற்கிறது, படுத்தால் இடிக்கிறது. இனி வாழ்நாள் முழுக்க நின்றுகொண்டே இருக்க முடியுமா? போனில் தேடினேன். படுத்தால் வரும் படபடப்பு பற்றி அது சொன்னதில் முதல் வரியே என் சட்டையை நனைத்துவிட்டது. இரண்டாம் வரி படிக்கும் தைரியம் இல்லை. கட்டிலில் சரிந்தேன். அந்த நேரம் பார்த்து உள்ளே இருந்தது பேய்த்தனமாக இடித்தது.

"மோனிக்கா."

ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். "என்னங்க, ஏன் வேர்த்துக் கொட்டுது?"

"கோயில் சாமியாரக் கூப்புடு."

"மொதல்ல டாக்டர கூப்புடறேன்."

"டாக்டர் அப்புறம் வரட்டும். மாமாவ வரச் சொல்லு. ஒண்ணு சொல்லிட்டுப் போறேன்."

அவள் "பப்பா" என்று அலறிக்கொண்டு ஓடினாள். மாமா அப்படியே எழுந்து வந்தார். வாழ்க்கையில் முதல் முறையாக, சத்தத்தை நிறுத்தாமல்.

நான் அவர் கையைப் பிடித்தேன். எல்லாவற்றையும் சொன்னேன். ஸ்டூல், முழங்கை, மிஷன் வீதி, பதினான்கு வருடம். மாதா நேற்று முகத்தைத் திருப்பியதன் காரணம். நான் அழுதேன். மோனிக்கா வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். நெஞ்சுக்குள் இடி விடாமல் விழுந்தது.

மாமா என் கையைப் பிடித்தபடி கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார். பிறகு இன்னொரு கையை மெத்தையில் வைத்தார். காது மந்தமானவர்களுக்குக் கை கூர்மை. குனிந்து கட்டில் சட்டத்தைத் தொட்டுப் பார்த்தார்.

"மாப்ள, ஒன் நெஞ்சு சரியாத்தான் இருக்குது. கட்டில்தான் துடிக்குது."

மோனிக்கா மெல்லத் தரையில் உட்கார்ந்து அடியில் பார்த்தாள். பிறகு, பூசையில் சில்லறை தவறவிட்டவள் மாதிரி மெதுவாகச் சொன்னாள்: "அந்தக் கறுப்புப் பொட்டிங்க. மாதாவ ஆட்டுதுன்னு காலையில நான்தான் இங்க கொண்டாந்து மூலையில சொருவுனேன். ஒயர் வேணாம், எங்க வேணா வைக்கலாம்னு அந்த ஆளு சொன்னாருன்னீங்களே."

ஹாலில் டி.வி. தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. அதில் யாரோ யாரையோ அடிக்க, என் கட்டில் அதிர்ந்தது.

சொன்னதைத் திரும்ப வாங்க முடியுமா என்று பார்த்தேன். "மயக்கத்துல என்னென்னமோ சொல்லிட்டேன், மாமா" என்று ஆரம்பித்தேன். அவர் கையை விட்டார்.

"ஒடஞ்சது எங்க?"

அதைத் தூக்கிப்போடும் தைரியம் எனக்கு ஏது? சாமியார் மந்திரித்த சுரூபத்தைக் குப்பையில் போடக்கூடாது. கடலில் விடலாம் என்றால், வழியில் யாராவது கேட்டுவிட்டால் என்ன சொல்வது? பரணில், ஸ்டார் பெட்டிக்குப் பின்னால், ஒரு பிஸ்கட் டின்னில் அத்தனை துண்டும் இருந்தது. இறந்துகொண்டிருந்தவனே ஏணி போட்டு ஏறி எடுத்துக் கொடுத்தேன். மாமா டின்னை மடியில் வைத்துக்கொண்டு தன் அறைக்குப் போனார்.

அடுத்த சில வாரம் ஹாலுக்கு நான் போனால் டி.வி. சத்தம் நிற்கவில்லை. அதைவிடப் பெரிய திட்டு எனக்கு யாரும் கொடுத்ததில்லை. அவர் அறையிலிருந்து பசை வாசனை மட்டும் வரும். ஒரு மாலை நான் போனபோது சத்தம் நின்றது. "சவா, மாப்ள?" என்றார். "சவா, மாமா" என்றேன். பலகையைக் காட்டினார். லூர்து மாதா திரும்பி வந்திருந்தார். உடம்பெல்லாம் கோடு, கழுத்து கொஞ்சம் சாய்ந்து, எதையோ கேட்டுவிட்டு நம்பாதவர் மாதிரி.

இப்போது பலகையில் இருவரும் இருக்கிறார்கள். சப்வூஃபர் சோபாவுக்குப் பக்கத்தில், பேஸ் பூஜ்யத்துக்கு ஒரு புள்ளி மேலே. விருந்தாளி வந்தால் மாமா முதல் சுரூபத்தைக் காட்டி, "இவங்கள நான் லூர்துலேர்ந்து கொண்டாந்தேன்" என்பார். இரண்டாவதைக் காட்டி, "இவங்கள மாப்ள மிஷன் வீதியிலேர்ந்து கொண்டாந்தாரு. ஏன்னு அவரையே கேளுங்க" என்று சொல்லி, ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்திவிட்டு, என்னைப் பார்த்து உட்காருவார்.

போன வருடம் சிறுநீரகத்தில் கல் வந்தது. நிஜக் கல், நிஜ வலி. கட்டிலில் சுருண்டு கத்தினேன். மோனிக்கா அடுப்பை அணைத்துவிட்டு ஓடிவந்தாள். வந்தவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. முட்டிபோட்டு, சேலையை ஒதுக்கிக்கொண்டு, முதலில் கட்டிலுக்கு அடியில் பார்த்தாள்.