அத்தைக்கு இரண்டு பல் முளைத்திருக்கிறது

அன்புள்ள தம்பி ஹென்ட்ரிக்குக்கு,

அண்ணன் ஊயாத் எழுதுவது. இங்கே என்னைத் தவிர எல்லோரும் நலம். நூக் பட்டணத்தில் உங்கள் நலத்தை நான் விசாரித்ததாக வைத்துக்கொள், நேரே விஷயத்துக்கு வருகிறேன். கடல் உறைவதற்குள் வரும் கடைசிக் கப்பலில் அங்கே வந்துவிடுகிறேன். உன் வீட்டில் எனக்கு ஒரு மூலை ஒதுக்கிவை.

போன வருஷம் என் மாமியார் தபீதா கண்ணை மூடியபோது அவர் ஆத்மா சாந்தியடைய நானும் மனமாரத்தான் வேண்டிக்கொண்டேன், ஆனால் குளிர்காலத்திலேயே என் மகள் நீவிக்குப் பெண் பிறந்து, வழக்கப்படி அதற்குத் தபீதா என்றே பேர் வைத்துவிட்டார்கள். பேர் வந்தால் ஆளும் வந்தாயிற்று. என் பேத்தியை என் மனைவி மாரேன் 'அம்மா' என்கிறாள், நான் 'அத்தை' என்றுதான் கூப்பிட வேண்டும். பேர் வைத்த அன்று காபிக்கு வந்த ஊரே தொட்டிலருகே நின்று கைகுலுக்கி, திரும்பி வந்ததற்குச் சந்தோஷம் சொல்லிவிட்டுப் போனது. கடைக்கார யோர்கன் மட்டும் என் தோளைத் தட்டி, "மாப்ளே, உன் லீவு முடிஞ்சுது" என்றான்.

அவன் வாய் முகூர்த்தம் பலித்துவிட்டது. வீட்டுக்குள் புகைபிடிக்கக் கூடாது, அம்மாவுக்கு ஆகாதாம். நான் படகை எடுத்தால் ஜன்னலில் அத்தையைத் தூக்கிக் காட்டுகிறார்கள், அத்தை அழுதால் காற்று சரியில்லை என்று வேட்டை ரத்து, கரையில் நிற்கிறவனெல்லாம் சிரிக்கிறான். அதையாவது பொறுத்துக்கலாம். உயிரோடு இருந்தவரை அந்த அம்மா நான் அடித்த சீல் இறைச்சியை வாயில் வைத்ததில்லை. நான் குறி பார்க்கும் அழகைக் கண்டு சீல் தானாகவே மனசு வெறுத்துச் செத்திருக்கும், தானாகச் செத்ததைத் தின்னமாட்டேன் என்று ஊரெல்லாம் சொல்லிவைத்தார். கடைசி நாளில் சூப் கிண்ணத்தோடு போய் நின்றேன், சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். இப்போ இதுவும் யோர்கன் பெண்டாட்டி கொடுத்தா வாங்குது, நான் கரண்டியை நீட்டினா சுவர்ப் பக்கம் திரும்புது. "பாத்தீங்களா, அம்மாவேதான்"னு மாரேனுக்கு ஒரே பூரிப்பு. எனக்கு வலிக்குதுடா. ஒரே மாமியார்கிட்ட ஒரு மனுஷன் எத்தனை தடவை தோத்துப்போவான்?

உன் மனைவிக்கு என் அன்பு. பிள்ளைகள் தீர்க்காயுசாக இருக்கட்டும். அவர்களுக்குப் பிறக்கும் பிள்ளைகளுக்காவது யோசித்துப் பேர் வையுங்கள்.

இப்படிக்கு,
வீட்டில் இடமில்லாத உன் அண்ணன்,
ஊயாத்

பின்குறிப்பு: வேறு தாள் இல்லாததால் இதையே அனுப்புகிறேன். உறையை ஒட்டப் போகும்போது அத்தை தவழ்ந்து வந்து, என் தட்டிலிருந்த சீல் துண்டை எடுத்து, இருக்கிற இரண்டு பல்லால் சப்பிச் சப்பித் தின்று முடித்து, என்னைப் பார்த்து மறுபடி வாயைத் திறந்தார். இன்னொரு துண்டை நீட்டினேன். ஏதோ சொல்ல வாயெடுத்தேன். "சத்தம் போடாதீங்க, அம்மா சாப்பிடறாங்க" என்றாள் மாரேன், கண்ணைத் துடைத்துக்கொண்டு. மூலை வேண்டாம். கப்பலில் படகு என்ஜினுக்கு எண்ணெய் அனுப்பு. நாளைக்குக் காற்று எப்படி இருந்தாலும் நான் வேட்டைக்குப் போயாக வேண்டும், அத்தைக்குப் பசிக்கிறது.