ஒரு மத்துக்கு உரிய நன்றி

டோலிவர் கவுண்டி என்ற அமெரிக்க மாவட்டத்தில் ஒருத்தி கல்யாணம் செய்துகொள்ள வேண்டுமானால் ஒரு மாப்பிள்ளை வேண்டும், ஒரு பாதிரியார் வேண்டும், கல்யாணத்துக்கு முந்தைய பரிசு விருந்துக்கு வந்த அத்தனை பெண்களுக்கும் மணப்பெண் தன் கைப்பட எழுதிய நன்றிக் கடிதம் வேண்டும். முதல் இரண்டும் கென்டக்கியில் எங்கும் கிடைக்கும்.

இந்தச் சட்டம் வந்ததற்குத் தக்க காரணம் இருந்தது. கவுண்டித் தலைவரின் மனைவி ஒரு பெண்ணுக்கு மாவு பிசையும் இயந்திரம் கொடுத்தார். நன்றிக் கடிதம் வரும் வரும் என்று எட்டு மாதம் தபால் பெட்டியைத் திறந்து திறந்து பார்த்தார். அதற்குள் அந்தப் பெண்ணுக்கு விவாகரத்தே வந்துவிட்டது. நாட்டின் நற்பண்புகள் இப்படிச் சீரழிவதைக் கண்டு தலைவர் மனம் நொந்தார். வீட்டில் அவருக்குச் சாப்பாடும் சரியாகக் கிடைக்கவில்லை என்று கேள்வி. அடுத்த கூட்டத்திலேயே சட்டம் நிறைவேறியது. கடிதம் எழுதி முடிக்காதவளுக்குக் கல்யாண உரிமம் கிடையாது.

சட்டத்தை அமல்படுத்த ப்ரெண்டிஸ் கூல்டர் என்பவர் நியமிக்கப்பட்டார். பதவியின் பெயர் நன்றிக் கடிதப் பரிசோதகர். அதற்கு முன்பு அவர் இறைச்சிக் கடைகளின் தராசுகளைப் பரிசோதித்து வந்தார். இரண்டும் எடைபோடும் வேலைதானே என்று யாரும் ஆட்சேபிக்கவில்லை.

லோரீன் ஹேக்லர் பள்ளிக்கூடப் பேருந்து ஓட்டுகிறவள். வளைவு நிறைந்த மலைச்சாலையில் நாற்பது பிள்ளைகளின் கூச்சலோடு வண்டியைத் திருப்புவாள். ஒரு கடிதத்தில் இரண்டாவது வாக்கியத்துக்குத் திரும்ப அவளால் ஆகாது. இருந்தாலும் பல்லைக் கடித்துக்கொண்டு நாற்பத்தோரு கடிதங்களையும் எழுதி அனுப்பினாள். கடிதம் பெற்றவர் "மனநிறைவுச் சீட்டில்" கையெழுத்திட்டுத் தர வேண்டும். சீட்டும் கடித நகலும் கூல்டரிடம் போக வேண்டும். அவர் முத்திரை குத்த வேண்டும். சனிக்கிழமை கல்யாணம். திங்கட்கிழமைக்குள் நாற்பது முத்திரை விழுந்தாயிற்று.

பாக்கி ஒன்று. மிஸ் ஓலெட்டா. ஊர் மரியாதைக்குத்தான் மிஸ்; ஓடைக்கரையில் தனியாக இருக்கும் விதவை. கொடுத்த பரிசு, உருளைக்கிழங்கு மசிக்கும் மத்து.

லோரீன் நேரிலேயே போய்க் கேட்டாள்.

"என் கடுதாசி கிடைச்சுதா, மிஸ் ஓலெட்டா?"

"கிடைச்சுது கண்ணு. உக்காரு. காபி போடறேன்."

"சீட்டுல ஒரு கையெழுத்து..."

"அதான் யோசிக்கறேன். 'கிழங்கை மசிக்கும்போதெல்லாம் உங்களை நினைத்துக்கொள்வேன்'னு எழுதியிருக்கே. எதையாவது நசுக்கறப்பதான் என் ஞாபகம் வருமா?"

"ஐயோ, அப்படி இல்லீங்க!"

"எழுதினதைத்தானே நான் படிக்க முடியும்? ஆப்பிள் அடை ஒரு துண்டு எடுத்துக்கோ. நாளைக்கு வேற எழுதிக்கிட்டு வா."

அடுத்த நாள் கொண்டுபோனது சுருக்கமாக இருந்ததாம். "என்னைக் கழட்டி விடற மாதிரி இருக்கு" என்றாள் ஓலெட்டா. உட்காரவைத்து அங்கேயே எழுதச் சொன்ன மூன்றாவதில் எல்லாம் இருந்ததாம், மனசு மட்டும் இல்லையாம். இரண்டு நாளும் அடை இருந்தது. புருஷன் செத்த பிறகு அந்த வீட்டு வாசலில் யாரும் எதற்காகவும் காத்து நின்றதில்லை. இப்போது அவளுடைய ஒரு கையெழுத்துக்காக ஒரு கல்யாணமே காத்து நிற்கிறது. அதை ஒரே நாளில் செலவழித்துவிட அவள் என்ன முட்டாளா?

மாப்பிள்ளை டூவி டிராக்டர் பழுது பார்க்கிறவன். அவனுக்கு எல்லாவற்றுக்கும் நேர்வழி தெரியும்.

"விடுடி. பக்கத்துக் கவுண்டிக்குப் போயிருவோம். அங்க அரை மணியில உரிமம் கொடுக்கறான்."

"எங்கம்மா என்ன ஆகும்? 'ஒரு மத்துக்கு நன்றி சொல்ல வக்கில்லாம ஊரை விட்டு ஓடினா'ன்னு சர்ச்சுல பேசுவாங்க. செத்தே போயிரும் அது."

"அப்ப எழுது."

"என்னத்தை எழுத? அது ஒரு மத்துடா!"

புதன்கிழமை மத்தியானம் பிள்ளைகளை இறக்கிவிட்டு, காலிப் பேருந்தில் உட்கார்ந்து நாலாவது கடிதத்தை எழுதினாள். கோபம் தலைக்கேறியிருந்தது. கோபத்தில் சொற்கள் தாமாக வந்தன. உலகில் இறுகிப்போன எதையும் இளக வைக்கும் ஒரு கை என் சமையலறைக்கு வந்திருக்கிறது என்று எழுதினாள். என் குழந்தைகள் வாயில் வைக்கும் முதல் கவளம் இதன் கீழே மசிந்ததாக இருக்கும் என்று எழுதினாள். இதைப் பிடிக்கும்போது தனியாக வாழ்ந்து காட்டிய ஒரு பெண்ணின் தைரியத்தைப் பிடிப்பேன் என்று எழுதிவிட்டு, எழுதியதைப் படித்தபோது அவளுக்கே கண் கலங்கியது. அது அவளுக்குப் பிடிக்கவில்லை.

ஓலெட்டா இரண்டு முறை படித்தாள். மூக்கைச் சிந்தினாள். சீட்டில் கையெழுத்துப் போட்டாள். புருஷன் மீன் பிடித்த புகைப்படத்தைச் சுவரிலிருந்த கண்ணாடிச் சட்டத்திலிருந்து கழற்றிவிட்டு அதில் கடிதத்தை மாட்டினாள்.

வியாழக்கிழமை கூல்டர் நகலைப் படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி படித்தார்.

"பிரமாதமா எழுதியிருக்கீங்க. நிராகரிக்கிறேன்."

"ஏன் சார்?"

"விதி ஏழு. நன்றி, பரிசின் அளவுக்கு மிகாதிருத்தல் வேண்டும். உங்க அத்தை துணி துவைக்கிற இயந்திரம் கொடுத்தாங்க. அவங்களுக்கு அஞ்சு வரி. மத்துக்கு ரெண்டு பக்கம். நாளைக்கு உங்க அத்தை வந்து கேட்டா அரசாங்கம் என்ன பதில் சொல்றது?"

"சரி, கொஞ்சம் குறைச்சு எழுதித் தரேன்."

"முடியாது. பெற்றவர் மனநிறைவு தெரிவிச்ச கடிதத்தைத் திருத்தக் கூடாது. விதி ஒன்பது."

"அப்ப இதுக்கு வழியே இல்லையா?"

"இல்லாம என்ன? அரசாங்கம்னா வழி இருக்கும்." கூல்டர் குரலைத் தாழ்த்தினார். "நன்றியைக் குறைக்க முடியாது. பரிசை உயர்த்தலாமே?"

லோரீன் ஓலெட்டாவிடம் போய் விஷயத்தைச் சொன்னாள். கடிதத்தைத் திருப்பித் தருகிறீர்களா என்றும் தயங்கித் தயங்கிக் கேட்டாள். ஓலெட்டா கடிதம் தொங்கிய சுவரை மறைத்துக்கொண்டு நின்றாள்.

"அது என்னுது. நீ அதுல கை வைக்காதே. எதைக் கொடுத்தா அந்த ஆளுக்குச் சரிப்படும்?"

"எனக்குத் தெரியலையே."

"பின்கட்டுல இறைச்சி வைக்கற ஆள் நீள உறைபெட்டி இருக்கு. உள்ள அரை மான் இருக்கு. அதையும் சேர்த்தே எழுதிக்கச் சொல்லு. கல்யாணத்துக்குத் தொப்பி வாங்கிட்டேன், சும்மாவா வைக்கறது?"

வெள்ளிக்கிழமை டூவி உறைபெட்டியை லாரியில் ஏற்றி, கூல்டரின் அலுவலகம் இருந்த நீதிமன்றக் கட்டட வாசலில் கொண்டுவந்து நிறுத்தினான். கூல்டர் இறங்கி வந்து மூடியைத் திறந்து மானைப் பார்த்தார். கடிதத்தைப் பார்த்தார். பழைய தராசுக்காரர், கை தானாகக் கொஞ்சம் ஏறி இறங்கியது.

"இப்ப சமமா இருக்கு" என்று முத்திரையை எடுத்தார். குத்தப்போன கை அந்தரத்தில் நின்றது. "ஆனா இந்த உறைபெட்டி புதுப் பரிசாச்சே. இதுக்குத் தனியா ஒரு நன்றிக் கடிதம்..."

நாற்பது பிள்ளைகளை ஒரே பார்வையில் உட்காரவைக்கிற பேருந்து ஓட்டுநரின் பார்வை ஒன்று உண்டு. அதை லோரீன் முதல் தடவையாக ஓர் அரசு அதிகாரியின் மேல் உபயோகித்தாள். கூல்டர் கடிகாரத்தைப் பார்த்தார். நாலு மணி இருபத்தெட்டு. நாலரைக்கு அலுவலகம் மூடவேண்டும். நீதியால் முடியாததை அலுவலக நேரம் முடித்துவைத்தது. முத்திரை விழுந்தது.

கல்யாணம் நன்றாக நடந்தது. மான்கறி எல்லோருக்கும் போதவில்லை.

தேனிலவு முடிந்து ஊர் திரும்பியதும் லோரீன் சும்மா இருக்கவில்லை. இந்தச் சட்டம் ஒழிய வேண்டும் என்று வீடு வீடாகப் போய்க் கையெழுத்து வாங்கினாள். கையெழுத்துப் போடாத பெண்ணே இல்லை. ஒவ்வொருத்திக்கும் ஒரு கதை இருந்தது. ஒருத்தி தலையணை உறைக்கு ஆறு கடிதம் எழுதியிருந்தாள். அக்டோபர் மாதக் கவுண்டிக் கூட்டத்தில் நீக்கத் தீர்மானம் ஊராரின் ஓட்டுக்கு வந்தது. மண்டபம் நிறைந்தது. டூவியும் பக்கத்தில் உட்கார்ந்திருந்தான்.

லோரீனுக்கு முன்வரிசையில் ப்ரைலி. வயசு இருபது, டிசம்பரில் கல்யாணம். போன மாதம் அவளுடைய பரிசு விருந்துக்கு லோரீன் கனமான இரும்பு வாணலி ஒன்று கொடுத்திருந்தாள்.

"சட்டம் போயிடும்ல?" என்று ப்ரைலி திரும்பிக் கேட்டாள்.

"போயிடும். நீ எத்தனை எழுதியிருக்கே?"

"எழுதறதா? இப்ப யாருக்கா எழுதறாங்க? எல்லாருக்கும் சேர்த்து ஒரே வீடியோ போட்டுட்டேனே, பாக்கலையா? வாணலி, துண்டு, விளக்கு, எல்லாத்துக்கும் ஒரு முத்தம்!" ப்ரைலி காற்றில் ஒரு முத்தத்தை ஊதிக் காட்டினாள்.

"எனக்குன்னு ஒரு வரிகூடவா இல்ல?"

"அதான் அந்த முத்தத்துல நீங்களும் இருக்கீங்கல்லக்கா!"

சட்டத்தை எதிர்த்துப் பேச எழுதிக்கொண்டுவந்து மடியில் வைத்திருந்த காகிதத்தை லோரீன் பார்த்தாள். நாலாக மடித்தாள். எட்டாக மடித்தாள். அவள் கண்ணில் பட்ட மற்றப் பெண்களும் தங்கள் பரிசுக்குக் கடிதம் வருமா என்று பக்கத்து மணப்பெண்களிடம் விசாரித்து, கையிலிருந்த காகிதத்தை மடித்துக்கொண்டிருந்தார்கள்.

தலைவர் தொண்டையைக் கனைத்துவிட்டு, சட்டத்தை நீக்க வேண்டும் என்பவர்கள் கை தூக்கலாம் என்றார்.

முந்நூற்றுப் பன்னிரண்டு பேர் கையெழுத்திட்டுக் கொண்டுவந்த தீர்மானத்துக்கு ஆதரவாக ஒரே ஒரு கை உயர்ந்தது. அது டூவியுடையது. அவன் பிறந்ததிலிருந்து யாருக்கும் ஒரு கடிதமும் எழுதியதில்லை.