நெல்சனுக்குப் போட்ட பொன்னாடை

நான் செய்தது தப்பு என்று எங்கள் ஹில்கிராஃப்ட் பேட்டையில் பாதிப் பேர் சொல்கிறார்கள். மீதிப் பேர் சிரிக்கிறார்கள். இரண்டு கட்சிக்கும் என்னிடம் ஒரே பதில்தான். இன்னொரு தடவை அந்த மைதானத்தில் கொண்டுபோய் விட்டாலும் அதையேதான் செய்வேன். என்ன, பந்து எங்கே இருக்கிறது என்று ஒரு கண் வைத்துக்கொள்வேன்.

எனக்கு அதிகம் எழுத வராது. கோவில்பட்டியில் எட்டாவதோடு பள்ளிக்கூடம் முடிந்தது. பிறகு கல்யாணம். பிறகு ஹூஸ்டன். வீட்டுக்காரருக்கு ஒரு மளிகைக் கடையின் குடோனில் வேலை. நான் வீட்டில் சமைத்து, விசேஷங்களுக்கு ஆர்டர் எடுத்துக் கொடுப்பேன். நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

நெல்சன் அதே குடோனில் லோடு இறக்குகிறவன். (பேரைக் கேட்டு, நாகர்கோவில் பக்கமா என்று விசாரித்தவர்கள் உண்டு.) உருகுவே நாட்டுக்காரன். அது எங்கே இருக்கிறது என்று கேட்டேன். அரிசி மூட்டை மேல் விரலால் தென் அமெரிக்காவை வரைந்து, கீழே ஓர் ஓரத்தில் குத்திக் காட்டினான். சின்ன நாடு. அங்கே பிள்ளைகள் நடக்கப் பழகும் முன்பே பந்தை உதைக்குமாம். இவன் உயரம் என்பதால் கோலில் நிறுத்திவிட்டார்கள்.

என் இங்கிலீஷும் ஓட்டை, அவன் இங்கிலீஷும் ஓட்டை. அதனால் நன்றாகப் புரிந்துகொண்டோம். என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவான். குடோனில் கற்றது.

மத்தியானம் குடோன் வாசலில் உட்கார்ந்து, சுரைக்குடுவையில் ஏதோ இலையைப் போட்டு வெந்நீர் ஊற்றி, இரும்புக் குழாயால் உறிஞ்சிக்கொண்டே பழங்கதை சொல்வான். (ஒரு நாள் எனக்கும் கொடுத்தான். நிலவேம்புக் கஷாயம் தேவலை.) சம்பளம் வாங்கி விளையாடிய கோல்கீப்பர் அவன். ஆனால் போன இடமெல்லாம் இரண்டாவது கோல்கீப்பர். கோலில் ஒருத்தன்தான் நிற்க முடியும். முதல் ஆளுக்கு ஏதாவது ஆனால்தான் இவனுக்கு வேலை. அவன் நாட்டில், மான்டிவிடியோவில், முதல் ஆளுக்கு ஜலதோஷம்கூடப் பிடித்ததில்லை. மெக்சிகோவில் முதல் ஆள் முதலாளியின் மருமகன். குவாதமாலாவில் ஒரு வழியாக முதல் ஆளுக்கு விரல் பிசகியது. இவன் கையுறை மாட்டிக்கொண்டு இறங்கினான். மழை கொட்டி ஆட்டத்தையே நிறுத்திவிட்டார்கள். அடுத்த ஆட்டத்துக்குள் அந்த ஆளின் விரல் சரியாகிவிட்டது.

இவன் இருந்த அணிகள் கப் வாங்கியிருக்கின்றன. அப்போதெல்லாம் கோலில் நின்றது வேறொருவன். இவன் போட்டோவில் ஓரத்தில் இருப்பான், பாதித் தோள் வெட்டுப்பட்டு.

கடைசியில் ஹூஸ்டனுக்கு வந்து, குடோன், ஓட்டல், லாரி ஆட்கள் சேர்ந்து நடத்தும் ஞாயிற்றுக்கிழமை அணியில்தான் முதல் ஆளாக நின்றான். அதற்குள் தோள்மூட்டு போய்விட்டது. இந்த வருஷத்தோடு போதும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அந்த வருஷம் பார்த்து அணி ஃபைனலுக்கு வந்தது. ஜெயித்தால், அவனே கோலில் நின்று வாங்கும் முதல் கப். இனிமேல் வேறு கப்பும் கிடையாது. அந்த வாரம் முழுக்கப் பாட்டுப் பாடிக்கொண்டே லோடு இறக்கினான்.

அந்த அணிக்கு ஞாயிற்றுக்கிழமைதோறும் புளிசாதம் கட்டிக் கொடுப்பது நான். யாரும் கேட்கவில்லை. ஒரு வாரம் கொடுத்தேன், பிறகு நிறுத்த முடியவில்லை. அவர்கள் எனக்கும் அணியின் பச்சைச் சட்டை ஒன்று கொடுத்தார்கள். முதுகில் கடைப் பேர் போட்டிருக்கும்.

கடை அண்ணாச்சி என்னைக் கூப்பிட்டார். "ஏம்மா செல்வி, அந்தப் பய இம்புட்டுக் காலம் ஆடியிருக்கான். ஒருத்தனும் ஒரு மரியாதை செய்யலையாமே. நம்ம கடை சார்பா பொன்னாடை ஒண்ணு, மாலை ஒண்ணு போட்டுரு. இடைவேளையில போடு. போட்டோ வாட்ஸ்அப்புல வரணும்."

ஃபைனல் அன்றைக்குச் சுகர்லேண்டில் ஒரு டாக்டரம்மா வீட்டில் வளைகாப்பு ஆர்டர் வேறு. பாத்திரங்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு கிளம்பினேன். ஃப்ரீவேயில் எவனோ எவனையோ இடித்திருந்தான். நான் மைதானத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது இடைவேளை போய், ஆட்டமே முடியப் போகிறது. நம் அணி ஒரு கோல் முன்னால் இருந்தது. வீட்டுக்காரர் கம்பிவேலி ஓரம் போனைப் பிடித்துக்கொண்டு நின்றார். பக்கத்தில் மகள் அபி. (அப்போது பதினொன்றாவது. தமிழில் திட்டினால் இங்கிலீஷில் பதில் வரும்.)

"ஏட்டி, லேட்டாயிட்டு. முடிஞ்ச பொறவு போட்டுக்கிடலாம்," என்றார்.

"முடிஞ்ச பொறவு நான் சுகர்லேண்டுல இருக்கணும்."

மைதானத்தைப் பார்த்தேன். எல்லாரும் அந்தக் கோடியில் முட்டி மோதிக்கொண்டிருந்தார்கள். நெல்சன் மட்டும் இந்தக் கோடியில் தனியாக, இடுப்பில் கை வைத்துக்கொண்டு, சும்மா நின்றான். சரி, ஆளுக்கு இப்போது வேலை இல்லை என்று நினைத்தேன்.

இந்த இடத்தில்தான் எல்லாரும் சிரிப்பார்கள். நான் எங்கே வளர்ந்தேன் என்று பார்க்க வேண்டும். எங்கள் பக்கம் மேடையில் ஆள் பேசிக்கொண்டிருக்கும்போதே போய்ப் பொன்னாடை போடுவார்கள். மந்திரியானாலும் பேச்சை நிறுத்தி, குனிந்து வாங்கி, போட்டோவுக்குச் சிரித்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து பேசுவார். கூட்டமும் காத்திருக்கும். பந்து காத்திருக்காது என்று எனக்கு யார் சொன்னது?

கோல் வலைக்குப் பின்னால் சுற்றிப் போய், கம்பத்தின் பக்கமாக உள்ளே நுழைந்தேன். சுடிதாருக்கு மேல் பச்சைச் சட்டை. கையில் எவர்சில்வர் தட்டு. தட்டில் பொன்னாடை, மாலை, குங்குமச் சிமிழ். (செய்வதை ஒழுங்காகச் செய்ய வேண்டும்.)

"தம்பி!"

திரும்பினான். "அக்கா? நோ, நோ. அக்கா, லேட்டர்..."

"ஒரு நிமிஷந்தான். குனி."

குனிந்தான். பெரியவர்கள் சொன்னால் தட்டமாட்டான். பொன்னாடை போர்த்தினேன். மாலையைப் போட்டேன். குங்குமம் வைத்தேன். அவ்வளவு பெரிய கையுறைகளைச் சேர்த்து என்னைக் கும்பிட்டான். வேலிப் பக்கமிருந்து வீட்டுக்காரர், வந்த காரியத்தை மறக்காமல், "நெல்சன், இங்க பாருப்பா!" என்றார். பார்த்தான். சிரித்தான்.

அந்தக் கோடியிலிருந்து எவனோ ஓங்கி உதைத்திருக்கிறான். பந்து ஒரு தரம் தரையில் பட்டு எழும்பி, எங்கள் தலைக்குப் பக்கமாகப் போனது. காற்று என் காதில் பட்டது. வலை ஆடியது.

அப்படி ஒரு கூச்சலை நான் தேர்த்திருவிழாவில்கூடக் கேட்டதில்லை.

நம் கேப்டன் லாரி ஓட்டுகிற மெக்சிகோக்காரன். ரெஃப்ரியிடம் ஓடினான். வெளியாள் உள்ளே வந்து கெடுத்துவிட்டாள், இந்தக் கோல் செல்லாது என்று கத்தினான். எதிரணிக்காரர்கள் என் சட்டையைக் காட்டினார்கள். இவள் உங்கள் ஆள், கோல் செல்லும் என்றார்கள். விதியும் அப்படித்தானாம். வெளியாள் வந்து கெடுத்தால் கோல் இல்லை. சொந்த அணி ஆளே வந்து கெடுத்தால் கோல் உண்டு.

ரெஃப்ரி நரைத்த தலைக்காரர். என் எதிரே வந்து நின்றார். "மேம், ஆர் யூ வித் திஸ் டீம்?"

வேலிக்கு அந்தப் பக்கமிருந்து அபி அலறினாள். "அம்மா! ஸே நோ! கோல் கேன்சல் ஆயிடும்! ஜஸ்ட் ஸே யூ ஆர் நோபடி!"

"ஏட்டி, இல்லன்னு சொல்லுட்டி! ஒரே ஒரு வார்த்தை!" இது வீட்டுக்காரர்.

எனக்குப் புரிந்தது. நெல்சனின் கப் என் வாயில் இருந்தது. ஆனால் நோபடி என்ற வார்த்தை எனக்கு நன்றாகத் தெரியும். முந்தின வருஷம் அதே டாக்டரம்மா வீட்டில் நான் பாத்திரம் இறக்கும்போது, யார் அது என்று ஒரு விருந்தாளி கேட்டார். "நோபடி, கேட்டரிங்" என்றார் அந்தம்மா. நான் சாம்பார் வாளியோடு பக்கத்தில்தான் நின்றேன்.

"எஸ்," என்றேன் ரெஃப்ரியிடம். "மை டீம். எவ்ரி சண்டே. டாமரிண்ட் ரைஸ்."

கேப்டன் தலையில் கை வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தான்.

ரெஃப்ரிக்கு என் பதில் போதவில்லை. நெல்சனிடம் திரும்பி, இவரைத் தெரியுமா, உங்கள் டீமா என்று கேட்டார். மாலையும் பொன்னாடையுமாக மாப்பிள்ளை மாதிரி நின்றவன், வலைக்குள் கிடந்த பந்தைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். தெரியாது என்று சொல்லியிருந்தால் நான் கோபித்திருக்க மாட்டேன். அது அவன் கப்.

"அக்கா இஸ் டீம்," என்றான்.

விசில் ஊதினார். கோல் செல்லும். அத்தோடு விடவில்லை. டீம் ஆளாக இருந்துகொண்டு ஆட்டத்தின் நடுவே உள்ளே வந்ததற்காக, பையிலிருந்து ஒரு சிவப்பு அட்டையை எடுத்து என் முன்னால் நீட்டினார். வாங்கிக்கொள்ள இரண்டு கையையும் நீட்டினேன். கொடுக்கவில்லை. காட்டுவது மட்டும்தானாம். (கிரீன் கார்டுக்கு வருஷக்கணக்கில் காத்திருந்தோம். ரெட் கார்டு உடனே கிடைத்தது.)

ரெட் கார்டு வாங்கியவர் மைதானத்தில் இருக்கக் கூடாது. வண்டி நிறுத்தும் இடத்தில் நின்று, வேலி வழியாகப் பார்த்தேன். ஆட்டம் சமனில் முடிந்து பெனால்டி வந்தது. நெல்சன் அந்தத் தோளை வைத்துக்கொண்டு இந்தப் பக்கம் விழுந்து தடுத்தான், அந்தப் பக்கம் விழுந்து தடுத்தான். நம் ஆட்கள் வானத்தைப் பார்த்து உதைத்தார்கள். கேப்டன் உதைத்தது வேலியைத் தாண்டி என் வண்டிக்குப் பக்கத்தில் வந்து விழுந்தது.

கப் போயிற்று.

டாக்டரம்மா போன் அடித்தார். "செல்வி, எங்க இருக்கீங்க? கெஸ்ட்ஸ் எல்லாம் வந்தாச்சு."

"டீமோட இருக்கேன் மேடம்."

"எந்த டீம்?"

"என் டீம்."

அன்றைய சாப்பாட்டோடு அந்த வீட்டு ஆர்டரும் போயிற்று.

நெல்சன் வேலிப் பக்கம் வந்தான். மாலையைக் கழற்றவில்லை. நான் தலையைக் குனியவில்லை.

"தம்பி, உன் கப்பு போச்சேப்பா."

"யெஸ், அக்கா."

வீட்டுக்காரருக்குப் பொறுக்கவில்லை. "ஒய் யூ டோல்டு லைக் தட்? நோ-ன்னு ஒரு வார்த்தை சொன்னா என்னப்பா?"

நெல்சன் கொஞ்சம் யோசித்தான். பிறகு மாலையைத் தூக்கிக் காட்டினான். "எனி கோல்கீப்பர், கோல் வித் ஃப்ளவர்ஸ்? நோ. ஒன்லி மீ." சிரித்தான். "அக்கா, ரைஸ்?"

வழக்கமான புளிசாதத்தை இறக்கி அணிக்குப் பரிமாறிவிட்டுத்தான் சுகர்லேண்டுக்குக் கிளம்பினேன். கேப்டன் என் முகத்தைப் பார்க்காமல் இரண்டு தட்டு சாப்பிட்டான்.

வீட்டுக்காரர் எடுத்த போட்டோவை அண்ணாச்சி கல்லாவுக்கு மேல் மாட்டியிருக்கிறார். நட்டநடுவில் நெல்சன், கும்பிட்டபடி சிரிக்கிறான். அவன் தலைக்குப் பக்கத்தில் பந்து, வலைக்குப் போகிற வழியில். யார் இவர் என்று கேட்டால், உருகுவே கோல்கீப்பர் என்பார் அண்ணாச்சி.

"பந்து உள்ள போகுதே?"

"அவரு பார்க்கலை. மரியாதை வாங்கிட்டு இருக்காரு."

வீட்டில்தான் தொல்லை. அபி காலேஜ் லீவுக்கு வரும்போது, அவள் அறைக்குள் நான் கதவைத் தட்டாமல் போய்விட்டால், கைக்கு அகப்பட்ட சிவப்புச் சாமானைத் தூக்கிக் காட்டுவாள். சாக்ஸ், புத்தகம், ஒரு நாள் தக்காளி. "ரெட் கார்டு, அம்மா! அவுட்!" இவர் ஹாலில் இருந்தபடி விசில் அடிப்பார்.

நான் வெளியே போவதில்லை. கட்டிலில் உட்கார்ந்து அவள் துணிகளை மடிக்க ஆரம்பித்துவிடுவேன்.