கறுப்புக் கரைக்குள் மாப்பிள்ளை

கொல்லங்கோட்டில் அச்சகம் வைத்திருந்த சங்கரன்குட்டிதான் என்னைக் கொன்றான். அதுவும் கல்யாணத்துக்கு முன்பே. இதை யார் முன்னாலும் சொல்வேன்.

எழுபதுகளின் நடுவில் எனக்குப் பெண் அமைந்தது. அப்போது நான் ஒரு மடையன். (இப்போது இல்லை என்பதை என் மனைவி இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.) எங்கள் பக்கம் கல்யாணப் பத்திரிகை என்றால் மஞ்சள் காகிதம், சிவப்பு எழுத்து, மேலே பிள்ளையார். எனக்கு அது பட்டிக்காட்டுத்தனமாகப் பட்டது. பாலக்காட்டு ஸ்டுடியோவில் மோவாயைத் தூக்கி வானத்தைப் பார்த்தபடி எடுத்த போட்டோ ஒன்று என்னிடம் இருந்தது. பத்திரிகையின் நடுவில் அது வர வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றேன்.

சங்கரன்குட்டியிடம் தமிழ் அச்செழுத்து கிடையாது. மலையாளத்தில்தான் அடிப்பான். பள்ளிக்கூடத்தில் நான் படித்ததும் மலையாளம்தான் என்பதால் சரி என்றேன்.

"போட்டோ வெக்கணும்னா இந்த ஒரு சட்டம்தான் உண்டு, கேட்டோ" என்று ஒன்றைக் காட்டினான். சுற்றிலும் தடித்த கறுப்புக் கரை. நடுவில் முட்டை வடிவம். அதன் கீழே ஒற்றைக் குத்துவிளக்கு.

"பாக்கக் கம்பீரமா இருக்குமுங்களா?"

"பின்னே? இதுல வந்த ஆளுங்க ஒருத்தரும் இதுவரைக்கும் குறை சொன்னதில்ல."

சொல்லியிருக்க மாட்டார்கள்தான்.

பத்திரிகைக் கட்டு வீட்டுக்கு வந்ததும் அம்மா மஞ்சள் குழைத்துக்கொண்டு உட்கார்ந்தாள், நாலு மூலையிலும் தடவ.

"என்னடா இது, கருகருன்னு?"

"இப்ப இதுதாம்மா பேசன். மஞ்சத் தடவாத, போட்டோ கெட்டுப்போயிரும்."

"மஞ்சத் தடவாத பத்திரிகை ஒரு பத்திரிகையாடா?"

"படிச்சவங்க யாரும் தடவறதில்ல." (எந்தப் படித்தவனைப் பார்த்து இதைச் சொன்னேன் என்று எனக்கே தெரியாது.)

என் தாய்மாமன் மலைமேல் சாந்தன்பாறையில் ஏலக்காய்த் தோட்டத்தில் வேலை பார்த்தார். முறைப்படி நேரில் போய் வெற்றிலை பாக்கு வைத்து அழைத்திருக்க வேண்டும். மலை ஏறச் சோம்பல்பட்டு, பெண் அமைந்ததைக்கூடச் சொல்லாமல் பத்திரிகையைத் தபாலில் போட்டேன்.

மாமாவுக்குத் தமிழ் மட்டும்தான் படிக்க வரும். அவர் கைக்குப் போனது மஞ்சள் படாத, கறுப்புக் கரை போட்ட ஒரு தபால். உள்ளே விளக்குக்கு மேலே, வானத்தைப் பார்த்தபடி நான். இதற்கு மேல் எழுத்து எதற்கு? தேதி மட்டும் புரிந்தது. கருமாதித் தேதி என்று எடுத்துக்கொண்டார். சாவுக் கடுதாசியை வீட்டில் வைக்கக் கூடாது என்று அந்த இடத்திலேயே கிழித்தும் போட்டார். தோட்டத்தில் மலையாளம் படிக்கிறவர்களுக்குப் பஞ்சமில்லை. காட்டுவதற்குத்தான் கடுதாசி இல்லை.

போடி, பழனி, பொள்ளாச்சி என்று பஸ் மாறி மாறி மாமாவும் அத்தையும் எங்கள் ஊரில் வந்து இறங்கியபோது, நானும் பெண்ணும் மணவறையில் உட்கார்ந்திருந்தோம். தூரத்திலிருந்தே பந்தல், கூட்டம், அண்டாவில் சோறு எல்லாம் அவர்கள் கண்ணில் பட்டன. இருந்த கொஞ்ச நஞ்சச் சந்தேகமும் தீர்ந்தது. மேளக்காரர்கள் அந்த நேரம் பார்த்துக் காப்பி குடிக்கப் போயிருந்தார்கள். (அவர்களுக்கும் ஒரு கேள்வி வைத்திருக்கிறேன்.)

அத்தை வாசலிலேயே கூந்தலை அவிழ்த்துவிட்டாள். "என்ற ராசா, ஒரு கண்ணாலங்காச்சி பாக்காமப் போயிட்டியே" என்று மாரில் அடித்துக்கொண்டு பந்தலுக்குள் வந்தாள்.

அம்மா ஓடிப்போய், "வாங்கண்ணா" என்றாள். மாமா ஆடிப்போனார். எழவு வீட்டில் யாரும் 'வாங்க' என்று சொல்ல மாட்டார்கள்.

"ஏனம்மிணி, துக்கத்துல புத்தி பெசகிப்போச்சா?" என்றார். அவர் கையில் கருமாதியில் எனக்குப் படைக்க வாங்கிய வெள்ளைக் கோடித் துணி.

நான் மாலையோடு எழுந்து, "மாமா" என்றேன். அத்தை மயங்கி விழுந்தாள்.

பெண்ணின் அப்பா எழுந்தார். "எழவுத்துணி வந்த ஊட்டுல என்ற புள்ளையக் குடுக்க மாட்டனுங்க. எந்திரி சாமி, போலாம்" என்றார் மகளிடம்.

ஊரைக் கூட்டி, போட்டோ போட்டுப் பத்திரிகை அடித்தவன், இனி தனியாக வீட்டுக்குள் போக வேண்டியதுதான் என்று தெரிந்தது. வேர்வை மூக்கு நுனியிலிருந்து சொட்டியது.

பெண் எழுந்திருக்கவில்லை. என்னை ஒருமுறை மேலும் கீழும் பார்த்தாள். "அப்பா, செத்தவரு இம்புட்டு வேர்க்க மாட்டாருங்க" என்றாள்.

யாரோ ஒருவர் சிரிப்பை அடக்க முடியாமல் இருமினார். அவள் கை நீட்டி மாமாவிடமிருந்து கோடியை வாங்கினாள். "அத்தை, மஞ்சக் கொண்டாங்க" என்று அம்மாவிடம் கேட்டு, துணியின் நாலு மூலையிலும் அவளே தடவினாள்.

"இப்ப இது கண்ணாலத் துணிங்க. அவரே கட்டிக்கட்டும். பத்திரிகையில தடவியிருந்தா இந்த வேலை மிச்சமாயிருக்கும்."

கட்டிக்கொண்டேன். தாலியும் கட்டினேன். பெண்ணின் அப்பா சாப்பாடு முடிகிற வரைக்கும் என் முகத்தைப் பார்க்கவில்லை.

அன்றிலிருந்து என் மனைவி என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. ஊர்வழக்கத்துக்குக் கட்டுப்பட்டு அல்ல. "காலமானவரு வந்துட்டாரு, சோத்தைப் போடு" என்றுதான் மகளிடம் சொல்வாள். மாமாவோ எந்தக் கல்யாணத்தில் பந்திக்கு உட்கார்ந்தாலும், "என்ன இருந்தாலும் மாப்ளை, உன்ற கருமாதிச் சோறு மாதிரி வராது" என்பார்.

சங்கரன்குட்டி இன்னும் இருக்கிறான். அந்தச் சட்டம் எதற்கானது என்று அவனுக்குத் தெரியும். கொல்லங்கோடு பஸ் ஸ்டாண்டில், எல்லோரும் கேட்க, அவன் ஒரே ஒரு கேள்விக்குப் பதில் சொல்லட்டும்: எனக்கு முன்னால் அந்தக் கறுப்புக் கரைக்குள் இருந்தது யார்?